எஸ். ஜி. கிட்டப்பா

எஸ். ஜி. கிட்டப்பா (ஆகஸ்ட் 25, 1906 – டிசம்பர் 2, 1933) தமிழ் நாடக நடிகரும் பாடகரும் ஆவார். செங்கோட்டை கங்காதரையர் கிட்டப்பா என்பது இவரது முழுப்பெயர். ஒலிபெருக்கி இல்லாத காலத்தில், உச்ச சுருதியில் பாடி அரங்கின் கடைசி வரிசை வரை கேட்கச் செய்த குரலுக்காக இவர் புகழ்பெற்றார். 27 வயதில் மறைந்த இவர் பேசும்படம் எதிலும் நடிக்கவில்லை. இவரது கலை இசைத்தட்டுகள் வழியாகவே இன்று அறியப்படுகிறது.

பிறப்பும் இளமையும்

கிட்டப்பா குற்றாலத்தை அடுத்த செங்கோட்டையில் கங்காதர ஐயர், மீனாட்சி அம்மாள் இணையருக்குப் பிறந்தார். இயற்பெயர் இராமகிருஷ்ணன். செங்கோட்டை அப்போது திருவிதாங்கூர் சமஸ்தானத்தைச் சேர்ந்திருந்தது. 1956இல் மொழிவாரி மாநிலப் பிரிவினையின்போது தமிழகத்துடன் இணைந்த இவ்வூர், 2019 முதல் தென்காசி மாவட்டத்தில் உள்ளது.

குடும்பத்தின் வறுமை காரணமாக அண்ணன்மார் நாடகத்தில் சேர்ந்தனர். கிட்டப்பாவும் ஆறு வயதை ஒட்டிய பருவத்திலேயே மதுரையில் மேடையேறினார். தொடக்கத்தில் சங்கரதாஸ் சுவாமிகளின் நாடக சபையில் பயிற்சி பெற்றார். இசையைப் பெரும்பாலும் கேள்வி ஞானத்தாலேயே வளர்த்துக்கொண்டார்.

நாடக வாழ்க்கை

1919ஆம் ஆண்டளவில் சகோதரர்களுடன் கன்னையா நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். பிரம்மாண்டமான காட்சியமைப்புகளுக்குப் பெயர்பெற்ற அக்கம்பெனியின் 'தசாவதாரம்' நாடகத்தில் மோகினி, பரதன் ஆகிய வேடங்கள் இவருக்குப் புகழ் தேடித்தந்தன. சகோதரர் காசி ஐயர் இவருக்கு ஆர்மோனியம் வாசித்ததுடன் பாடல்களும் இயற்றித் தந்தார்.

அக்காலத்தில் 'ஸ்பெஷல் நாடகம்' என்ற முறை வழக்கில் இருந்தது. வெவ்வேறு ஊர்களிலுள்ள நடிகர்களைத் தனித்தனியே ஒப்பந்தம் செய்து ஒரே மேடையில் நடிக்கச் செய்வர். கூட்டு ஒத்திகை இராது. பாட்டுக்கு எதிர்ப்பாட்டும் தர்க்கமுமாக நாடகம் விடிய விடிய நடைபெறும். குரல்வளமும் உடனுக்குடன் விடையளிக்கும் திறனும் உடையவரே இதில் நிலைக்க முடிந்தது. கிட்டப்பா இவ்விரண்டிலும் சிறந்து விளங்கினார்.

கே. பி. சுந்தராம்பாள்

1924இல் கிட்டப்பாவுக்கும் கிட்டம்மாளுக்கும் திருமணம் நடைபெற்றது. 1926இல் கொழும்பு நாடக மேடையில் கொடுமுடியைச் சேர்ந்த கே. பி. சுந்தராம்பாளுடன் இணைந்து நடித்தார். 1927இல் இருவரும் மணந்துகொண்டனர். 'வள்ளி திருமணம்' நாடகத்தில் சுந்தராம்பாள் வள்ளியாகவும், கிட்டப்பா வேலன், வேடன், விருத்தன் ஆகிய வேடங்களிலும் நடித்தனர். இந்த இணையைக் காண மக்கள் திரண்டனர். தேசிய இயக்கத்தின்மீது பற்றுக்கொண்டு இருவரும் மேடையில் விடுதலை உணர்வைப் பரப்பினர். எனினும் அவர்களது இல்வாழ்க்கையில் பிணக்குகளும் பிரிவுகளும் நேர்ந்தன.

இசைத்தட்டுகள்

கிட்டப்பாவின் நாடகப் பாடல்களும் கீர்த்தனைகளும் கிராமபோன் இசைத்தட்டுகளாக வெளிவந்தன. தியாகராஜரின் 'எவரனி' கீர்த்தனையை இவர் பாடிய இசைத்தட்டு குறிப்பிடத்தக்கது. ஒரு பக்கத்துக்கு ஏறத்தாழ மூன்று நிமிடமே இடந்தந்த தட்டுகள் என்பதால், மேடையில் நெடுநேரம் விரித்துப் பாடியவற்றின் சுருக்கமே அவற்றில் பதிவாகியுள்ளது.

மறைவு

குடிப்பழக்கத்தால் கிட்டப்பாவின் உடல்நலம் சீர்கெட்டது. 1933 அக்டோபரில் திருவாரூரில் நடித்துக்கொண்டிருந்தபோது மேடையிலேயே மயங்கி விழுந்தார். அவ்வாண்டு டிசம்பர் 2 அன்று காலமானார். முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' வெளிவந்து அப்போது இரண்டு ஆண்டுகளே கடந்திருந்தன. பாடத் தெரிந்த நாடக நடிகர்களைத் திரைப்படத் தயாரிப்பாளர்கள் தேடத் தொடங்கிய காலம் அது. அடுத்த ஆண்டே எம். கே. தியாகராஜ பாகவதர் 'பவளக்கொடி' மூலம் திரையுலகில் நுழைந்தார்.

கணவர் மறைந்தபின் 25 வயதான சுந்தராம்பாள் அணிகலன்களைத் துறந்து வெள்ளாடை உடுத்தினார். சில காலம் மேடையையும் விட்டு விலகியிருந்தார். ஒரு லட்சம் ரூபாய் ஊதியத்தில் அவர் நடித்த 'பக்த நந்தனார்' 1935இல் வெளிவந்தது. எந்த நடிகருக்கும் இணையாக நடிக்க விரும்பாத அவர், அப்படத்தில் நந்தனாராக ஆண் வேடமே ஏற்றார். 1980இல் மறையும் வரை அவர் வெள்ளாடையைக் கைவிடவில்லை.

தாக்கம்

உச்ச சுருதியில் பாடும் கிட்டப்பாவின் பாணி தமிழ்த் திரைப்படத்தின் தொடக்ககாலப் பாடகர்-நடிகர்களுக்கு முன்மாதிரியாக அமைந்தது. சோழவந்தானைச் சேர்ந்த டி. ஆர். மகாலிங்கம் அவ்வழியில் பாடிப் புகழ்பெற்றவர்களுள் முக்கியமானவர். திரையில் ஒருமுறையேனும் தோன்றாத கிட்டப்பாவின் பெயர் தமிழ்த் திரையிசை வரலாற்றில் தொடர்ந்து இடம்பெறுவது இதனாலேயே ஆகும்.