தாதாசாகேப் பால்கே: இந்திய சினிமாவுக்குக் கடன் வாங்கித் தந்த பட்டாணிச் செடி

விதை முளைத்து, தண்டு நிமிர்ந்து, இலை விரிவதை ஆவணப்படங்களில் சில நொடிகளில் பார்த்துவிடுகிறோம். 'டைம்-லேப்ஸ்' எனப்படும் இந்த உத்தியை 1912-லேயே இந்தியாவில் செய்து காட்டினார் தாதாசாகேப் பால்கே. இந்திய சினிமாவின் தந்தை என்று கொண்டாடப்படும் அவர், அரிச்சந்திரனைப் படமெடுக்கும் முன்பே ஒரு பட்டாணிச் செடியை ஹீரோ ஆக்கிவிட்டார்!

யார் இந்த பால்கே?

1870-ல் நாசிக் அருகே திரியம்பகேஸ்வரில் பிறந்தவர். பம்பாயில் ஓவியம் படித்தார். புகைப்படம், அச்சுத்தொழில், மேஜிக் என்று பலதையும் முயன்று பார்த்தார். 40 வயதை எட்டியபோது, கிறிஸ்துவின் வாழ்க்கை பற்றிய மௌனப் படம் ஒன்றைப் பார்த்தார். அன்றிலிருந்து சினிமா பைத்தியம்தான். ஓயாமல் படம் பார்த்து, தூக்கமில்லாமல் சோதனைகள் செய்ததில் சில காலம் பார்வையே போனது. சிகிச்சைக்குப் பிறகுதான் மீண்டது.

அப்போதும் விடவில்லை. ஆயுள் காப்பீட்டை அடகு வைத்து, 1912-ல் லண்டன் போய்த் தொழில் கற்றுக்கொண்டு, கேமராவும் வாங்க ஏற்பாடு செய்தார்.

ஏன் பட்டாணி?

முழு நீளப் படத்துக்குப் பணம் வேண்டும். ஆனால், புதுத் தொழிலை நம்பி யார் கொடுப்பார்கள்? தன்னால் முடியும் என்பதற்கு ஓர் ஆதாரம் தேவைப்பட்டது.

தொட்டியில் பட்டாணியை விதைத்து, எதிரே கேமராவை வைத்தார். ஒரு மாதத்துக்கு மேல் கொஞ்சம் கொஞ்சமாகப் படம் பிடித்தார். ஓட்டிப் பார்த்தால், விதை முளைத்துக் கொடியாகும் கதை முழுவதும் ஒரு நிமிடத்துக்குச் சற்றே கூடுதல்!

இதில் கணக்கு எளிது. மௌனப் படத்துக்கு நொடிக்குச் சுமார் 16 படங்கள் என்றால், ஒரு நிமிடத்துக்கு 960. அதை 30 நாளுக்குப் பிரித்தால், நாளுக்கு 32 படங்கள்தான். இங்கிலாந்தில் பெர்சி ஸ்மித் 1910-ல் பூக்கள் மலர்வதைக் காட்டியதும் இதே வழியில்தான்.

இது கண்கட்டு வித்தை இல்லை. செடி வளர்ந்தது நிஜம். நேரத்தை மட்டும்தான் பால்கே சுருக்கினார். கண்ணுக்கு எட்டாத உண்மையைக் கண்ணுக்கு எட்டவைப்பதுதான் இன்றைய அறிவியல் ஆவணப்படக் காட்சிகளின் வேலையும்.

பிறகு என்ன ஆனது?

படத்தைப் பார்த்த நாட்கர்ணி, தேவ்ஹரே போன்றவர்கள் கடன் தர முன்வந்தார்கள். மனைவி சரஸ்வதிபாய் நகைகளைக் கொடுத்தார். ஃபிலிம் கழுவும் வேலையையும் கற்றுக்கொண்டார். 1913 மே 3-ஆம் தேதி 'ராஜா ஹரிச்சந்திரா' பம்பாயில் வெளியானது.

பின்னாளில் தீக்குச்சிகளை நகரவைத்தும், சினிமா எப்படித் தயாராகிறது என்பதைக் காட்டியும் பால்கே குறும்படங்கள் எடுத்தார். பேசும் படங்கள் வந்தபின் வாய்ப்பு குறைந்தது. 1944-ல் நாசிக்கில் காலமானார்.

நீங்களும் செஞ்சு பார்க்கலாம்

சாலாக் செலாத்தான் அடுக்குமாடி வீட்டிலும் இது முடியும். ஒரு கப்பில் ஈரப் பஞ்சு, நாலு பச்சைப்பயறு, எதிரே அசையாமல் ஒரு கைப்பேசி. சாயங்கால மழை வந்தால் வெளிச்சம் மாறிவிடும். அதனால் ஜன்னலை நம்பாமல் மேசை விளக்கைப் போட்டுவிடுங்கள். பால்கேவுக்கு ஒரு மாதம் பிடித்தது. பச்சைப்பயறுக்கு நாலைந்து நாள் போதும்.