இரவி வருமர்

உத்திரமேரூர் வைகுந்தப் பெருமாள் கோயிற் சுவரில், முதற் பராந்தக சோழன் காலத்துக் குடவோலை முறை 919, 921 ஆம் ஆண்டுகளிற் கல்லில் வெட்டப்பெற்றது. ஆயிரம் ஆண்டு கடந்தும் எழுத்து அழியவில்லை. எனினும் அதனைக் காண விழைவோர் அக்கோயிலுக்கே செல்லுதல் வேண்டும். அவ்வூரைச் சூழ்ந்த சிற்றூர்களிலோ, பழைய வீடுகள் சிலவற்றில் வேறொரு கல்லின் கொடையைக் காணலாம். தாமரைமேல் நிற்கும் திருமகளும், வீணை ஏந்திய கலைமகளும் கண்ணாடிச் சட்டத்துள் விளங்குவர். அரண்மனைக்கு உரியதாயிருந்த ஓவியத்தைக் கல்லச்சின் வழியே இங்ஙனம் இல்லந்தோறும் சேர்த்தவர் இரவி வருமர்.

அவர் 1848 ஆம் ஆண்டு ஏப்ரல் 29 ஆம் நாள் திருவாங்கூர் நாட்டுக் கிளிமானூரிற் பிறந்தார். சிறுவன் கரியாற் சுவரெங்கும் வரைந்தபோது, ஓவியம் வல்ல தாய்மாமன் சினவாது பயிற்சி அளித்தார். 1862 இல் அவனைத் திருவனந்தபுரத்துக்கு அழைத்துச் சென்றார். ஆயிலியம் திருநாள் மன்னர் ஆதரவு தந்தார். அரண்மனை ஓவியர் இராமசாமி நாயக்கரோ நெய்வண்ண நுட்பத்தைக் கற்பிக்க இசையவில்லை. அவர் மாணாக்கராகிய ஆறுமுகம் பிள்ளை இரவில் மறைவாக வந்து சில நுட்பங்களை உரைத்தார். பின்னர் வந்த தியோடர் சென்சன் என்னும் ஐரோப்பிய ஓவியரும், தாம் வரையும்போது அருகிருந்து பார்க்க மட்டுமே விட்டார். தம் ஓவியங்களை நாடெங்கும் வாரி வழங்கியவர், இளமையில் வண்ணங் குழைக்கும் முறையை அறிதற்கே இத்துணை இடர்ப்பட்டார்!

1873 இல் வியன்னாக் கண்காட்சியிற் பரிசு கிடைத்தது. சென்னையிலும் ஆளுநரின் பொற்பதக்கம் பெற்றார். 1880 இல் மன்னர் மறைந்தபின் அவ்வரண்மனையில் முன்னைய ஆதரவு இல்லை. ஆகவே இளவல் இராசராச வருமருடன் பிற அரசுகளை நாடிச் சென்றார். பரோடா மன்னர்க்காக வரைந்த 14 புராண ஓவியங்கள் பம்பாயிற் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டபோது மக்கள் திரண்டனர்.

அவற்றிற்கு முன்னரே அவர்க்கு ஓர் அறிவுரை கிடைத்திருந்தது. கும்பகோணத்திற் பிறந்து, திருவாங்கூரிலும் பரோடாவிலும் திவானாக விளங்கிய மாதவராயர், ஓவியங்களை ஐரோப்பாவிற்கு அனுப்பி வண்ண அச்சிற் படியெடுக்குமாறு தூண்டினார். இரவி வருமர் அயல்நாட்டுக்கு அனுப்பாது, 1894 இல் பம்பாயிலேயே அச்சகம் நிறுவினார். மாதவராயர் அதனைக் காணவில்லை. 1891 இலேயே மறைந்துவிட்டார்.

அவ்வேலை எளிதன்று. வழவழப்பான சுண்ணாம்புக் கல்லின்மேல் கொழுப்புச் சேர்ந்த மையால் உருவை எழுதுவர். கல்லை நீரால் நனைத்து மையுருளையை உருட்டினால், மை கொழுப்புள்ள இடத்தில் மட்டும் பற்றும்; ஈரம் உள்ள இடம் அதனை ஏலாது. அதன்மேல் தாளை வைத்து அழுத்துவர். வண்ணம் ஒன்றுக்குக் கல் ஒன்றாகப் பல கற்கள் வேண்டும். தாள் இம்மி விலகினும் முகம் கலங்கிவிடும். இதற்கெனச் செருமானியக் கைவினைஞர் வந்தனர். சகுந்தலையின் பிறப்பு முதற்கண் அச்சேறியது.

அக்காலத்திற் கோயிலுட் புகத் தடுக்கப்பட்டிருந்த எளியோரும் இப்படங்களை வாங்கித் தம் மனையில் வைத்து வழிபட்டனர். தெய்வ மகளிர்க்கு மராட்டியச் சேலை உடுத்தினார் என்று குறை கூறினோரும் உளர். அது முற்றும் பொய்யன்று. சோழர் செப்புத் திருமேனிகளிற் பழகிய கண்ணுக்கு இவ்வுருவம் புதிதே. ஆயினும், அச்செப்புத் திருமேனிகளை அணுக இயலாதார்க்கு இப்படம் கைக்கு எட்டியது.

பொருளோ கைகூடவில்லை. 1896 இல் பம்பாயிற் கொள்ளைநோய் பரவிற்று. பின்னர் அச்சகம் உலோணாவளைக்கு அருகிலுள்ள மாளவலிக்கு மாற்றப்பட்டது. கடன் பெருகவே, அதனைச் சிலேய்சர் என்னும் செருமானியர்க்கு விற்றுவிட்டு, இரவி வருமர் மீண்டும் தூரிகையையே நம்பினார். 1904 இல் கெய்சரி இந்துப் பதக்கம் வந்தது. மறு ஆண்டே, உடனிருந்து உழைத்த இளவல் இறந்தார். 1906 ஆம் ஆண்டு அக்டோபர் 2 ஆம் நாள் இரவி வருமரும் கிளிமானூரிற் காலமானார். அச்சகம் பிறர் கையில் நெடுங்காலம் நடைபெற்று, 1972 இல் தீக்கிரையாயிற்று.