கேரி கில்டோல்

தோற்றாரைக் குறித்து உலகம் கூறும் கதைகளில் மெய்யினும் நகைப்பே மிகுதி. கணினி அறிஞர் கேரி கில்டோலுக்கும் அதுவே நேர்ந்தது.

1942 ஆம் ஆண்டு அமெரிக்காவின் சியாற்றில் நகரிற் பிறந்த அவர், மாலுமிகளுக்குக் கடல்வழி கற்பிக்கும் பள்ளியை நடாத்திய குடும்பத்தவர். தாமும் அங்கே கற்பித்தவர். பின்னர் கலிபோர்னியாவில், மொன்ரரேயிலுள்ள கடற்படை உயர்கல்லூரியில் ஆசிரியரானார். அந்நாளிற் கணினி பெருநிறுவனங்களின் உடைமை. இன்ரெல் நிறுவனத்தின் நுண்செயலியை ஆராய்ந்த கில்டோல், 1974 இல், நெகிழ்வட்டை ஆளும் சீ.பி.எம். என்னும் பணிசெயல் முறைமையை இயற்றினார்.

அக்காலச் சிறுகணினிகள் செய்வோர்தோறும் வேறுபட்டன. ஒன்றற்கு எழுதிய மென்பொருள் மற்றொன்றில் இயங்காது. இக்குறை நீங்கக் கில்டோல் தம் முறைமையை இரு கூறாக்கினார். வட்டு, விசைப்பலகை, திரை ஆகியவற்றோடு நேரே தொடர்புறும் சிறு பகுதியைப் பிரித்துப் பயொஸ் எனப் பெயரிட்டார். பொறி மாறின் அப்பகுதியை மாற்றினாற் போதும்; ஏனையது மாறாது. பண் ஒன்றேயாயினும் யாழில் விரல் செல்லும் நெறி வேறு, குழலில் வேறு என்று என் மாணாக்கர்க்கு இதனை விளக்குவதுண்டு.

1980 இல் ஐ.பி.எம். நிறுவனத்தார் அவரை நாடி வந்தனர். அன்று அவர் விமானமேறி உல்லாசமாகப் பறந்தமையாற் பெருஞ்செல்வத்தை இழந்தார் என்பது பரவிய கதை. அவர் சென்றதோ தொழிற் கருமமாக. வணிகத்தை நிருவகித்த மனைவியார் டொறதி, வந்தோர் நீட்டிய இரகசிய உடன்படிக்கையில் ஒப்பமிடத் தயங்கினார். பேச்சு நிறைவெய்தவில்லை. மைக்ரோசொப்ட் நிறுவனமோ, சீ.பி.எம்.மை ஒத்து வேறிடத்தில் எழுதப்பட்ட முறைமையொன்றை விலைக்கு வாங்கித் திருத்தி ஐ.பி.எம்.முக்கு அளித்தது. கில்டோல் முறையிட்டமையால் அவருடையதையும் விற்க ஐ.பி.எம். இசைந்தது. ஆயின், மற்றையதன் விலை 40 டொலர். இவருடையது 240 டொலர். கொள்வோர் எதனை நாடினர் எனக் கூறவும் வேண்டுமோ!

1982 முதலாகக் கொம்பாக் போன்ற நிறுவனங்கள், ஐ.பி.எம். பயொஸின் தொழிலைச் செய்யும் பயொஸைத் தாமே புதிதாக எழுதி, ஒத்தியங்கு கணினிகளை வெளியிடலாயின. பொறிக்கும் மென்பொருளுக்கும் இடையே கில்டோல் வகுத்த எல்லையே அவற்றுக்கு வழிதிறந்தது. அவ்வழியாற் கணினியின் விலை இறங்கிற்று. அது பள்ளிக்கும் இல்லத்துக்கும் வந்தது.

1994 இல், தம் 52 ஆம் வயதில், அவர் மறைந்தார். 2014 இல் ஐ.ஈ.ஈ.ஈ. என்னும் பொறியியலாளர் கழகம், பசிபிக் குறோவ் நகரில் அவர் பணிபுரிந்த மனையில் நினைவுப் பலகை பதித்தது. செல்வம் ஈட்டியோரின் வரலாற்றையே கணினியின் வரலாறாகக் கற்பிப்போமாயின், அதனை எல்லோர்க்கும் பொதுவாக்கிய ஆசானை மாணவர் அறியாதொழிவர். அது கல்விக்கு அழகன்று.