எளியோர் பக்கம் நின்ற காமிரா: யோரிஸ் ஈவன்ஸ்

எழுத்தாலும் பேச்சாலும் ஒடுக்கப்பட்டோர்க்கு உழைத்த பெரியோர் பலரை நாம் அறிவோம். காமிராவைக் கையிலேந்தி அப்பணியை ஆற்றியவர் யோரிஸ் ஈவன்ஸ். ஆவணப்படக் கலையின் முன்னோடிகளுள் ஒருவரான அவர்தம் வாழ்வை நம் இளைஞர் அறிதல் நலம்.

ஹாலந்து நாட்டின் நைமேகன் நகரில் 1898ஆம் ஆண்டு அவர் பிறந்தார். பாட்டனார் புகைப்படக் கலைஞர். தந்தையார் புகைப்படக் கருவி வணிகர். 1928இல் 'பாலம்', 1929இல் 'மழை' ஆகிய குறும்படங்கள் அவருக்குப் புகழ் தேடித் தந்தன. அழகிய படங்களையே எடுத்து அமைதியாக வாழ அவருக்கு வழியிருந்தது. அவ்வழியே அவர் நிற்கவில்லை.

பெல்ஜியத்தின் போரினாஜ் பகுதி நிலக்கரித் தொழிலாளர் 1932இல் பெரும் வேலைநிறுத்தம் செய்தனர். அதன்பின் பலர் வேலையிழந்தனர், வீடிழந்தனர். நிலக்கரியை வெட்டித் தந்தவர்களின் குடும்பங்களே குளிர்காயக் கரியின்றிக் கழிவுமேடுகளில் துண்டு பொறுக்கின. 1933இல் ஆன்றி ஸ்டோர்க் என்னும் பெல்ஜிய இயக்குநருடன் ஈவன்ஸ் அங்குச் சென்றார். காவலர் கண்ணுக்குத் தப்பிப் படம்பிடித்த அவர்களுக்குத் தொழிலாளர்களே துணைநின்றனர்.

கடனுக்காக வீட்டுச் சாமான்களைப் பறிமுதல் செய்ய அதிகாரிகள் வரும்போது, அண்டை வீட்டார் திரண்டுவந்து நாற்காலி, கட்டில்களின்மேல் அமர்ந்துகொண்டு அவற்றைக் காத்தனர். இக்காட்சி படத்தில் இடம்பெற்றது. ஒற்றுமையே ஏழையின் அரண் என்பதை இதனினும் தெளிவாகக் காட்ட இயலுமோ?

ஓர் இல்லத்தில் அழுக்குப் படிந்த மேசைமீது சாளரச் சட்டத்தின் நிழல் அழகாக விழுந்தது. வறுமையை அந்த அழகு மறைத்துவிடும் எனக் கருதிய ஈவன்ஸ், நிழலின் கூர்மையைக் கலைத்த பின்னரே படம்பிடித்தார். பிறர் துயரைக் கண்ணுக்கு இனிய காட்சியாக்கலாகாது என்பது அவர் கொண்ட நெறி.

1944இல் டச்சு அரசு அவரைக் கிழக்கிந்தியத் தீவுகளுக்கான திரைப்பட ஆணையராக அமர்த்தியது. 1945இல் இந்தோனேசியா விடுதலையை அறிவித்தது. டச்சு அரசோ மீண்டும் ஆள முற்பட்டது. ஈவன்ஸ் பதவியைத் துறந்தார். சிட்னித் துறைமுகத்தில் டச்சுக் கப்பல்களுக்கு ஒத்துழைக்க மறுத்த ஆஸ்திரேலியத் தொழிலாளரையும், அவர்களோடு தோள்சேர்ந்த இந்திய, சீன, இந்தோனேசியக் கப்பல் தொழிலாளரையும் படமாக்கினார். 'இந்தோனேசியா அழைக்கிறது' என்னும் அப்படம் 1946இல் வெளிவந்தது. அதன் விலையாகத் தாய்நாட்டு அரசின் பகையை நெடுங்காலம் சுமந்தார். 1985இல்தான் டச்சு அமைச்சர் ஒருவர் அவருக்கு விருதளித்து நல்லுறவு நாடினார். 1989இல் பாரிஸ் நகரில், தம் 90ஆம் வயதில் ஈவன்ஸ் மறைந்தார்.

நம் சேரிகளைப் படம்பிடிக்கப் பிறர் வந்ததுண்டு. நம்மை இரக்கத்துக்குரிய பொருளாகக் கண்டவர் பலர். எதிர்த்து நிற்கும் மனிதராகக் கண்டவர் சிலரே. இன்று நம் இளைஞர் பலர் கையிலுள்ள தொலைபேசியிலேயே காமிரா உண்டு. யார் பக்கம் நின்று அதைப் பிடிக்கிறோம் என்பதே வினா. கல்வி தந்த தெளிவோடு நம் வாழ்வை நாமே பதிவு செய்வோமாக!