மெலினா மெர்க்கூரி அம்மையார்

கிரேக்க நாடகம் என்றவுடன் ஸோபோக்கிளீஸ், யூரிபிடீஸ் முதலிய பண்டைப் புலவர்களையே நாம் நினைப்பது வழக்கம். அந்நாட்டில் இருபதாம் நூற்றாண்டில் தோன்றி, நடிகையாயும், நூலாசிரியையாயும், மந்திரியாயும் விளங்கிய மெலினா மெர்க்கூரி அம்மையாரின் வரலாற்றை ஈண்டுச் சுருங்கக் கூறப் புகுகின்றோம்.

அம்மையார் 1920-ஆம் ஆண்டில் ஏதென்ஸ் மாநகரிற் பிறந்தார். பாட்டனார் பல்லாண்டுகள் அந்நகரத் தலைவராயிருந்தவர். தந்தையாரும் சட்டசபை அங்கத்தினர். எனினும் பெண்ணின் மனம் நாடகத்தையே நாடிற்று. தேசீய நாடகசாலையைச் சார்ந்த பள்ளியிற் பயின்று மேடையேறினார். சினிமாவில் அவர் முதன்முதல் தோன்றியது 1955-ல் வெளிவந்த ‘ஸ்டெல்லா’ என்னும் படத்திலேயாம். அப்படத்தின் மூலம் பிரான்சிலுள்ள கான் நகர விழாவிற்குச் சென்றவிடத்து, ஜூல்ஸ் டாஸின் என்னும் டைரக்டரைச் சந்தித்தார். டாஸின், அரசியற் கொள்கை காரணமாக அமெரிக்காவில் தொழில் மறுக்கப்பட்டு ஐரோப்பாவிற்கு வந்தவர். 1966-ல் இருவரும் மணம் புரிந்தனர்.

டாஸின் இயற்றி 1960-ல் வெளிவந்த ‘ஞாயிறன்று ஒருபோதுமில்லை’ என்னும் படமே அம்மையாரை உலகறியச் செய்தது. பிரேயஸ் துறைமுகத்து விலைமகளொருத்தியின் கதை அது. நம்முள் சிலர் முகஞ் சுளிக்கக்கூடும். ஆயினும் அப்பாத்திரத்தில் இழிவினும் களிப்பே மிகுதி. பண்டைச் சோக நாடகங்களைக் கண்டு வந்து, எல்லாக் கதைகளும் யாவரும் கடற்கரைக்கு உலாவச் செல்வதாகவே முடிகின்றனவென்று அவள் சாதிப்பாள். அவளைத் திருத்த வந்த அமெரிக்கப் பண்டிதர் பாடு திண்டாட்டமாகிறது. அவ்வேடத்திற்காக அம்மையார் கான் விழாவிற் சிறந்த நடிகைக்குரிய பரிசில் பங்கு பெற்றார்.

1967 ஏப்ரல் 21-ல் கிரேக்க தேசத்துப் படைத்தலைவர் சிலர் ஆட்சியைக் கைப்பற்றினர். அமெரிக்காவில் நாடகம் நடித்துக்கொண்டிருந்த அம்மையார் வாளாவிருந்தாரில்லை; சென்றவிடமெல்லாம் அவ்வாட்சியைக் கண்டித்தார். அதன் பயனாக அவருடைய பிரஜா உரிமை பறிக்கப்பட்டது, சொத்தும் பறிமுதலாயிற்று. தாம் கிரேக்கப் பெண்ணாகப் பிறந்தவர், அவ்வாறே இறப்பவர் என்பதே அவர் விடை. 1971-ல் வெளியிட்ட சுயசரிதத்திற்கும் தம் கிரேக்கப் பிறப்பைக் குறிக்கும் பெயரையே சூட்டினார்.

1974-ல் அவ்வாட்சி வீழ்ந்தது. அம்மையார் உடனே தாயகம் திரும்பினார். அவ்வாண்டுத் தேர்தலிற் சொற்ப வாக்குகளால் தோற்று, 1977-ல் வென்றார். வென்ற தொகுதி பிரேயஸே என்பதை நாம் வியவாதிருக்க முடியவில்லை. 1981-ல் கலாசார மந்திரியானார். ஐரோப்பிய நகரமொன்றை ஆண்டுதோறும் கலாசாரத் தலைநகராகக் கொண்டாடும் வழக்கம் அவர் முயற்சியால் எழுந்தது; 1985-ல் ஏதென்ஸே முதலாவதாக அப்பெருமை பெற்றது.

அவர் உள்ளம் பற்றி நின்றதோ வேறொன்று. துருக்கியர் ஆண்ட காலத்தில், பிரிட்டிஷ் ஸ்தானாபதியான எல்ஜின் பிரபு, பார்த்தினான் ஆலயத்துச் சலவைக்கல் சிற்பங்களிற் பெரும்பகுதியைப் பெயர்த்துச் சென்றார். 1816-ல் பிரிட்டிஷ் சர்க்கார் அவற்றை 35,000 பவுனுக்கு வாங்கி லண்டன் காட்சிசாலையில் வைத்தனர். அவற்றைத் திருப்பித் தருமாறு அம்மையார் 1982-ல் மெக்ஸிகோ நகரத்து ஐக்கிய நாடுகளின் கலாசார மகாநாட்டிலும், 1986-ல் ஆக்ஸ்போர்டு மாணவர் சங்கத்திலும் வாதாடினார். எல்ஜின் பெயரால் அவற்றை வழங்குதலையும் மறுத்தார். அவர் வேண்டுகோள் ஏற்கப்படவில்லை. நடிகையின் ஆவேசமென்று அதனை எள்ளியவரும் உண்டு. நமக்கோ, நாடு பறிக்கப்பட்டு ஏழாண்டு அயலிடத்தில் வாழ்ந்தவர் அக்கற்களுக்காகப் பேசியது வெறும் நடிப்பாகத் தோன்றவில்லை.

1993-ல் மீண்டும் மந்திரியாகி, மறு ஆண்டு மார்ச்சு 6-ல் நியூயார்க்கில் காலமானார். உடலை ஏதென்ஸுக்குக் கொணர்ந்து அரசாங்க மரியாதையுடன் அடக்கம் செய்தனர். அச்சிற்பங்களுக்கென அவர் வற்புறுத்திய புதிய காட்சிசாலை 2009-ல் அக்ரோபோலிஸ் குன்றின் அடிவாரத்தில் திறக்கப்பட்டது. அதன் மேன்மாடத்தில், பழுப்பேறிய மூலச் சிற்பங்களின் இடையிடையே, லண்டனிலுள்ளவற்றிற்குப் பதிலாக வெண்ணிறச் சுண்ணப் படிவங்கள் வைக்கப்பட்டுள்ளன.