யார் இந்த க்ரெஷோ கோலிக்? ஓரங்கட்டப்பட்டவர் குரோஷியாவைச் சிரிக்க வைத்த கதை

குரோஷியாவின் ஆல்டைம் பெஸ்ட் படம் எது? 1999-ல் விமர்சகர்கள் தேர்ந்தெடுத்தது போர்ப் படத்தை இல்லை, ஒரு குடும்ப காமெடியை! எடுத்தவர் க்ரெஷோ கோலிக்.

1922-ல் பிறந்தவர். 1950-ல் கால்பந்தை வைத்து எடுத்த 'நீல 9' செம ஹிட். ஆனால், இரண்டாம் உலகப் போரின்போது உஸ்தாஷா பாசிச ஆட்சியில் அவர் எழுதியவை பிறகு பிரச்னையாகின. யூகோஸ்லாவிய கம்யூனிஸ்ட் ஆட்சியில் டைரக்டர் நாற்காலி பறிபோனது. சில வருடங்கள் மற்றவர்கள் படத்தில் உதவி இயக்குநர் வேலைதான்.

மனுஷன் விடவில்லை. 1966-ல் ஓர் ஆலைத் தொழிலாளிப் பெண்ணின் ஒருநாள் பாட்டை, அதிகாலை 3 மணியிலிருந்து இரவு 10 வரை, ஆவணப்படமாக்கினார். 1970-ல் வந்தது, 'பாடுகிறவன் கெடுதல் நினைக்க மாட்டான்'. 1930-களின் ஜாக்ரெப் நகரம்; அம்மாவிடம் வழியும் ஒருவர், கோபப்படும் அப்பா, எல்லாவற்றையும் டைரியில் எழுதும் குட்டிப் பையன். அவ்வளவுதான் கதை!

1975-ல் டிவி பக்கம் வந்து, கிராமத்து வட்டார வழக்கிலேயே 'க்ருந்தோவ்சானி' தொடரை எடுத்தார். அதுவும் வீடு வீடாகப் பேசப்பட்டது.

1996-ல் கோலிக் இறந்தார். அவர் படத்துக்கு நம்பர் 1 இடம் கிடைத்தது அதற்கு 3 வருடம் கழித்து!