தந்தையின் கனவும் மகனின் பாதையும்

எட்டயபுரம் அரண்மனையின் மதிப்பைப் பெற்றிருந்த சின்னசாமி ஐயர், கணிதத்திலும் இயந்திர நுட்பத்திலும் பேரார்வம் கொண்டவர். பருத்தி விளையும் அக்கரிசல் மண்ணில் அவர் பஞ்சாலை ஒன்றை நிறுவினார். 1882ஆம் ஆண்டு டிசம்பர் 11ஆம் நாள் பிறந்த தம் மகன் சுப்பிரமணியனும் கணிதமும் ஆங்கிலமும் கற்று உயர வேண்டும் என விரும்பினார்.

மகனின் உள்ளமோ கவிதையில் தோய்ந்திருந்தது. ஐந்து வயதில் தாயை இழந்த அச்சிறுவன், ஒத்த வயதினர் மரமேறி விளையாடுகையில், தந்தையின் கட்டளைக்கு அஞ்சி நூல்களோடு தனித்திருந்தான். பதினோரு வயதில் 'பாரதி' என்னும் பட்டம் பெற்றான். ஆயினும் தந்தையார் அவனைத் திருநெல்வேலிக்கு ஆங்கிலம் கற்க அனுப்பினார்.

பின்னர்ப் பஞ்சாலைத் தொழில் நொடித்தது. செல்வம் கரைந்தது, நெருங்கிப் பழகியோர் விலகினர். வறுமையில் வாடிய சின்னசாமி ஐயர் 1898இல் காலமானார். பதினைந்து வயதுப் பாரதியார் காசிக்குச் சென்று, தம் அத்தை குப்பம்மாளின் இல்லத்தில் தங்கினார். தமிழ்நாட்டிற்கு வெகு தொலைவில், கங்கைக் கரையில், வடமொழியும் இந்தியும் பயின்றார்.

ஊர் திரும்பிய பாரதியார் ஆசிரியராகவும் இதழாளராகவும் பணியாற்றினார். 1906இல் வ.உ.சிதம்பரனார் தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் நிறுவனத்தைத் தொடங்கியபோது, 'இந்தியா' வார இதழ் வாயிலாக அதனை ஆதரித்தார். அந்நிய வணிகப் போட்டி ஒரு குடும்பத்தை எவ்வாறு வீழ்த்தும் என்பதை அவர் தம் இல்லத்திலேயே கண்டவர் அல்லவா?

புதுச்சேரியில் வாழ்ந்த நாளில், தம் வாழ்க்கை வரலாற்றைக் கவிதையாக இயற்றினார். அது 1910இல் வெளிவந்தது. தந்தையாரிடம் கொண்ட மனக்குறையை அவர் அதில் மறைக்கவில்லை. விளையாட்டை இழந்த தனிமையையும், விருப்பமின்றிக் கற்ற ஆங்கிலக் கல்வியையும் எண்ணி வருந்தினார். எனினும், குடும்பம் வறுமையுற்றதற்குத் தந்தையாரைப் பழிக்கவில்லை. அந்நியரின் சூழ்ச்சியே காரணம் எனக் கருதினார். தந்தையாரின் துயரத்தைத் தம் துயரமாகவே பாடினார்.

தந்தையார் விரும்பிய கணித வல்லுநராகப் பாரதியார் ஆகவில்லை. எனினும், நம் நாட்டில் தொழிற்சாலைகள் பெருக வேண்டும், கப்பல்கள் ஓட வேண்டும் என அவர் பாடினார். எட்டயபுரத்தில் நிலைக்காத ஆலையின் கனவு, மகனின் பாடல்களில் நாட்டின் கனவாக வளர்ந்தது.